விளக்கு வைக்கிற நேரத்தில் ஒப்பாரி: பினாங்கிலிருந்து ஒரு நிகழ்வு ஆய்வு

இந்த ஆய்வில் வருகிறவருக்கு வயது 74. பினாங்குத் தீவில், ஆயர் ஈத்தாம் பக்கம் ஓர் அடுக்குமாடியில் மகள் வீட்டில் இருக்கிறார். பெயரைச் சொல்லப் போவதில்லை, அடையாளம் காட்டக்கூடிய சில விவரங்களையும் மாற்றிவிட்டேன். நான் அவரைக் கூப்பிடுவது போலவே இங்கேயும் பெரியம்மா என்றே வைத்துக்கொள்கிறேன். முதியவர்களோடும் அவர்கள் குடும்பங்களோடும் பேசி வேலை செய்கிற ஆலோசகர் நான். எழுதுவதற்கு அவரிடமும் மகளிடமும் அனுமதி கேட்டபோது, "எழுது, ஆனா எங்க மாப்பிள்ளைய மட்டும் கெட்டவனா எழுதிடாத" என்றார் பெரியம்மா. அவர் கெட்டவரும் இல்லை, அது பின்னால் வரும்.

ஏன் இந்தக் கேஸ் என்றால், நம் நாட்டில் முதுமையைப் பற்றிப் பேச்சு எடுத்தாலே சர்க்கரை, இரத்த அழுத்தம், வழுக்கி விழுவது, சேமநிதி தீர்ந்துபோவது என்றுதான் போகிறது. 2030 வாக்கில் மலேசியர்களில் ஏறத்தாழ 15 விழுக்காட்டினர் 60 வயதைத் தாண்டியிருப்பார்கள் என்கிறார்கள், பேராக்கும் பினாங்கும் ஏற்கெனவே அந்த வரிசையில் முன்னால் நிற்கின்றன. பெண்கள் ஆண்களைவிடச் சில ஆண்டுகள் கூடுதலாக வாழ்கிறார்கள், அதனால் கடைசிக் கட்டத்தில் பிள்ளைகள் வீட்டில் தனியாக மிஞ்சுவது பெரும்பாலும் அம்மாக்கள்தான். அவர்களுக்கு என்ன செய்யலாம் என்று கேட்டால் உடனே வருகிற பதில், "பொழுது போக ஏதாவது ஏற்பாடு பண்ணுங்க" என்பது. பெரியம்மாவுக்குப் பொழுது போய்க்கொண்டுதான் இருந்தது. அவரைக் கேட்டுச் செய்கிற காரியம் என்று ஒன்றுகூட மிச்சமில்லாமல் போனதுதான் அவருடைய சிக்கல் என்பது என் கணிப்பு.

புகார்

மகள் பாயான் லெப்பாஸில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் ஷிப்டு வேலை. மாப்பிள்ளை லாரி ஓட்டுநர். பேரன் ஒருவன், படிவம் ஐந்து முடித்துவிட்டுக் கல்லூரிக்குப் போகிறவன். மகள் என்னிடம் முதலில் சொன்னது இது: "அக்கா, அம்மா தினமும் விளக்கு வைக்கிற நேரத்துல பால்கனியில உக்காந்து ஒப்பாரி பாடுறாங்க. பக்கத்து வீட்டுச் சீனக் கிழவி வந்து யாரு செத்துட்டாங்கன்னு கேக்குறா. மாமா வேலை முடிஞ்சு வர்ற நேரம் அது, அவருக்குக் கோவம் வருது, வீடு விளங்குமான்னு கத்துறாரு. அம்மாவுக்கு மனசு சரியில்லையோ, இல்ல மறதி வியாதியோ, தெரியல."

அதற்கு முன்பே சுகாதாரக் கிளினிக்குக்குக் கூட்டிப்போயிருந்தார்கள். அங்கே மிஸ்ஸி (தாதி) ஒருவர் முதியோர் மனச்சோர்வு அளவுகோலின் 15 கேள்விகளைக் கேட்டிருக்கிறார், ஏழு மதிப்பெண் வந்திருக்கிறது. ஐந்துக்கு மேல் போனால் கவனிக்க வேண்டும் என்பது வழக்கம், ஆகவே என்னிடம் அனுப்பிவிட்டார்கள். முறையான நடவடிக்கைதான், குறை சொல்ல எதுவுமில்லை.

ஆனால் அந்தக் கேள்விகளை மறுபடி உட்கார்ந்து ஒவ்வொன்றாகக் கேட்டபோது வந்த பதில்களை அப்படியே எழுதி வைத்தேன். வெளியே போய்ப் புதிதாக எதையாவது செய்வதைவிட வீட்டிலேயே இருப்பது பிடிக்குமா என்ற கேள்விக்கு, "என்னை யாரு வெளிய விடுறா? லிப்டு கெட்டுப்போனா எட்டு மாடி" என்றார். பல வேலைகளை விட்டுவிட்டீர்களா என்றதற்கு, "விட்டேனா? புடுங்கிக்கிட்டாங்க. அடுப்புப் பக்கம் போகக் கூடாது, துணி காயப்போடக் கூடாது, தலை சுத்தி விழுந்துடுவேனாம்" என்றார். தாளில் இரண்டுக்கும் ஒவ்வொரு மதிப்பெண் ஏறும். நடப்பதைச் சொன்னதற்கு மதிப்பெண் ஏறுகிறது என்பதைக் கூட்டுத்தொகையை மட்டும் பார்க்கிறவர்கள் கவனிக்க மாட்டார்கள்.

மறதியைப் பார்ப்பதற்குச் சிங்கப்பூர், மலேசியா பக்கம் பயன்படுத்துகிற பத்துக் கேள்வித் தேர்வு ஒன்று உண்டு, எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்கும் அது ஒத்துவரும். ஏழும் அதற்கு மேலும் எடுத்தால் பயமில்லை. பெரியம்மா ஒன்பது எடுத்தார். போன ஒன்று பிறந்தநாள். "அடையாளக் கார்டுல இருக்கறது கிராணி போட்ட தேதி, எங்கம்மா சொன்னது ஆயுதபூஜை கழிச்சு மறுவாரம்" என்றார். கிராணி என்பது தோட்டத்து எழுத்தர். உடல் காரணங்களையும் தள்ளி வைக்கவில்லை. பல ஆண்டுகளாகச் சர்க்கரைக்கு மெட்ஃபோர்மின் சாப்பிடுகிறவர்களுக்கு பி12 சத்து குறையலாம், அது சோர்வாகவும் மறதியாகவும் காட்டும். தைராய்டையும் சேர்த்து இரத்தப் பரிசோதனைக்கு அனுப்பினோம், பி12 கொஞ்சம் குறைவாக இருந்தது, அதற்கு மருந்து கொடுத்தார்கள். காது இரண்டும் மந்தம். கண்ணில் ஏற்கெனவே புரை எடுத்தாகிவிட்டது.

அவர் யார்

முதல் சந்திப்பில் அவர்தான் என்னை விசாரித்தார். "நீ எந்தத் தோட்டம்?" நம் ஆள்களில் அந்தத் தலைமுறையிடம் இந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் அடுத்த பேச்சுக்குப் போக முடியாது. என் தாத்தா இருந்த தோட்டத்தின் பெயரைச் சொன்னதும், அங்கே அவருக்குத் தெரிந்த ஒரு குடும்பம் கிடைத்துவிட்டது, அப்புறம்தான் பேச்சு ஓடியது.

பிறந்தது செபராங் பிறை தெற்கில் ஒரு ரப்பர் தோட்டத்தில், தொழிலாளர்களுக்கான வரிசை வீடான லயத்து வீட்டில். மூன்றாம் வகுப்போடு பள்ளி நின்றது, தம்பியைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். 13 வயதில் அம்மாவுக்கு மங்கு, அதாவது ரப்பர்ப் பால் சேரும் கிண்ணம், துடைக்கப் போய், பிறகு தனக்கென்று ஒரு நெரை (மர வரிசை) வாங்கி மரம் வெட்டினார், அதாவது பட்டையைக் கீறிப் பால் இறக்கினார். விடியலுக்கு முன் பெரட்டு (ஆள் கணக்கெடுப்பு), தலையில் விளக்கு, வெட்டி முடித்துப் பால் எடுத்து, காண்டாவில் (தோளில் சுமக்கும் கம்பில்) தோள் கன்றக் கன்றத் தூக்கி ஸ்டோருக்குக் கொண்டுபோய் நிறுத்துக் கொடுத்தால்தான் அன்றைய கணக்கு. ரப்பரை அழித்து எண்ணெய்ப்பனை வைத்தபோது மருந்தடிக்கிற வேலை. முதுகில் தொட்டி, உள்ளே பெரும்பாலும் பாராகுவாட் என்கிற களைக்கொல்லி. அந்த மருந்தை மலேசியா 2020இல்தான் முழுதாகத் தடை செய்தது, அடித்த பெண்களோ அதற்குள் பாட்டிகளாகிவிட்டார்கள்.

அவருக்கு ஓர் அக்கா. இரண்டு பேரும் அடுத்தடுத்த நெரையில் வேலை பார்த்தவர்கள். 1969க்குப் பிறகு குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் கட்டாயமானது, சிவப்பு அடையாளக் கார்டு வைத்திருந்தவர்களில் பல்லாயிரம் பேர் பெட்டி கட்டினார்கள். அக்காவின் கணவருக்குச் சிவப்புக் கார்டு. 1970இல் அவரோடு பினாங்குத் துறைமுகத்தில் ரஜூலா கப்பல் ஏறிப் போன அக்கா திரும்பவே இல்லை. எண்பதுகளில் தஞ்சாவூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் இறந்தார். செய்தி கடிதத்தில் வந்தது, வந்து சேர்ந்தபோது கருமாதியே முடிந்திருந்தது.

பிறகு கணவர். நடமாட்டக் கட்டுப்பாடு 2020 மார்ச் 18இல் தொடங்கியது, அவர் ஏப்ரலில் போனார். கொரோனா இல்லை, இருதயம். விரல்விட்டு எண்ணக்கூடிய ஆள்கள், முகக்கவசம், சீக்கிரம் சீக்கிரம் என்று அவசரம். ஜொகூரில் இருந்த மூத்த மகன் போலீஸ் அனுமதி வாங்கி வந்து சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. பெரியம்மா வாயைத் திறக்கவில்லை. "பாடினா கூட்டம் கூடிடும்னு சொன்னாங்க" என்றார் என்னிடம். சில மாதங்களில் மகள் அவரைத் தீவுக்குக் கூட்டிவந்துவிட்டார், தோட்டத்தை ஒட்டியிருந்த பழைய வீட்டைக் காலி செய்தார்கள்.

இதை எல்லாம் கேட்கும்போது நடுவில் மகள் சொன்ன ஒரு விஷயம்தான் எனக்கு முக்கியமாகப் பட்டது, அவர் அதைச் சாதாரணமாகத்தான் சொன்னார்: "தோட்டத்துல சாவு விழுந்தா அம்மாவத்தான் முதல்ல கூப்பிட ஓடி வருவாங்க. அம்மா எடுத்துப் பாடுனாத்தான் மத்த பொம்பளைங்க சேர்ந்து பாடுவாங்க."

பாட்டில் என்ன இருந்தது

வீட்டார் ஒப்பாரி என்று கேட்டார்களே தவிர, அதில் என்ன பாடுகிறார் என்று யாரும் காது கொடுக்கவில்லை. நான் பாடச் சொன்னேன். கொஞ்சம் வெட்கப்பட்டு, மாப்பிள்ளை வேலைக்குப் போய்விட்டாரா என்று உறுதி செய்துகொண்டு பாடினார். அக்காவுக்குப் பாடியது:

மங்குலதான் பால் வடியும் – என் கூடப்பொறந்த
மயிலே நீ போன பின்னே
கண்ணுலதான் பால் வடியும் – அதைக்
கட்டிப்பாலா யார் எடுப்பா

இது மனம் கலங்கிய ஒருவரின் புலம்பலாக எனக்குத் தெரியவில்லை. எதுகை மோனை தவறவில்லை, முன்னிரண்டு அடிக்குப் பின்னிரண்டு அடி பதில் சொல்கிறது, மங்கு, கட்டிப்பால் (உறைந்த ரப்பர்ப் பால்) என்று வேலைத்தளத்துச் சொல்லை எடுத்துத் துக்கத்துக்கு வைத்திருக்கிறார். நேற்றுப் பாடியதை இன்று மாற்றிப் பாடுவதும் உண்டு, ஏன் என்று கேட்டால் "அந்தச் சொல்லு உக்காரல" என்பார். அக்காவுக்கு, கணவருக்கு, அம்மாவுக்கு, பிறந்த மூன்றாம் நாள் போன ஒரு பெண் குழந்தைக்கு, பனை வைக்க அழித்த ரப்பர் மரங்களுக்குக்கூட ஒன்று என்று வரிசையாக வைத்திருந்தார். பாட முடியாமல் போன சாவுகளை ஒவ்வொன்றாக எடுத்துத் தீர்த்துக்கொண்டிருந்தார் என்று சொல்லலாம், கடன் புத்தகத்தில் பழைய பாக்கிகளை அடிப்பது மாதிரி.

முதுமை பற்றிப் படித்தவர்களுக்கு இங்கே அமெரிக்க மனநல மருத்துவர் ராபர்ட் பட்லர் நினைவுக்கு வருவார். வயதானவர்கள் பழையதையே பேசிக்கொண்டிருப்பதை மூளைத் தளர்ச்சியின் அடையாளம் என்று மருத்துவர்கள் ஒதுக்கிய காலத்தில், 1963இல் அவர், அது வாழ்க்கையை மீண்டும் எடுத்துப் பார்த்துச் சரிசெய்துகொள்கிற இயல்பான வேலை என்று எழுதினார். உளவியலாளர் எரிக் எரிக்சன் வாழ்க்கையின் எட்டாவது கட்டம் என்று சொன்னதும் ஏறக்குறைய இதுதான்: திரும்பிப் பார்த்து, நடந்தது நடந்ததுதான் என்று ஏற்கிற நிறைவா, ஏற்க முடியாத விரக்தியா என்ற இழுபறி. அவர் மனைவி ஜோன் எரிக்சன், தானே தொண்ணூறைத் தாண்டிய பிறகு, எட்டு போதாது என்று ஒன்பதாவது ஒன்றைச் சேர்த்தார். வயதாகி அனுபவித்தவர் சொன்னது என்பதால் எனக்கு அவர்மேல் கொஞ்சம் கூடுதல் மரியாதை.

இவை எல்லாம் உதவின. ஆனால் இந்தக் கோட்பாடுகளில் உட்கார்ந்து யோசிக்கிறவர் தனியாக உட்கார்ந்து "என் வாழ்க்கை" என்று யோசிக்கிறார். பெரியம்மாவிடம் உங்கள் வாழ்க்கையைச் சொல்லுங்கள் என்றால் இரண்டு வாக்கியத்தில் முடித்துவிடுவார்: "என்னத்த சொல்ல, வெட்டினோம், சாப்பிட்டோம்." அக்காவுக்குத் தங்கையாக, புருஷனுக்குப் பெண்டாட்டியாக, மாமியாருக்கு மருமகளாக, செத்தவர்களைக் கூப்பிட்டுப் பேசும்போதுதான் அவர் வாழ்க்கை வெளியே வருகிறது. நம் பெண்களிடம் வேலை செய்கிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். தன்னைப் பற்றிப் பேசத் தெரியாதவர் என்று குறிப்பு எழுதிவிட்டுப் போய்விடுகிறோம், யாரையாவது முன்னிலைப்படுத்திப் பேசச் சொன்னால் மணிக்கணக்கில் வருகிறது.

என்ன செய்தோம்

முதலில் நேரம். விளக்கு வைக்கிற நேரத்தில் ஒப்பாரி கூடாது என்று மாப்பிள்ளை சொன்னதில் தப்பில்லை, பெரியம்மாவே தோட்டத்தில் அதை ஒத்துக்கொண்டிருக்க மாட்டார். கேட்டபோது அவரும் அதை மறுக்கவில்லை. "அந்த நேரத்துலதான் வீட்டுல யாரும் இல்ல, அதான்" என்றார். மத்தியானம் பசியாறிய பாத்திரம் கழுவிய பிறகு என்று பேசி முடித்தோம். பாத்திரம் கழுவுவதையும் அவரிடமே திருப்பிக் கொடுக்கச் சொன்னேன், மகள் தயங்கித்தான் ஒத்துக்கொண்டார்.

பக்கத்தில் உள்ள முதியோர் நடவடிக்கை மையம், சமூகநலத்துறையின் கீழ் நடக்கிற 'பாவே', அதற்கும் போய்ப் பார்த்தார். நல்ல இடம், கரோக்கே, கைவேலை, தைச்சி எல்லாம் உண்டு, அங்கே போக ஆரம்பித்த பிறகு முகமே மாறிய பெண்களை எனக்குத் தெரியும். கோலாலம்பூர்ப் பக்கம் செர்டாங்கில் புத்ரா பல்கலைக்கழகம் 2007 வாக்கில் தொடங்கிய மூன்றாம் வயதுப் பல்கலைக்கழகத் திட்டமும் அப்படித்தான், படிக்க ஆசைப்பட்ட முதியவர்களுக்குப் பெரிய கதவு. பெரியம்மா சில தடவை போய்விட்டு நின்றுவிட்டார். "எல்லாரும் நல்லவங்கதான். நான் போகாட்டியும் அங்க எதுவும் நிக்காது." 13 வயதிலிருந்து, தான் போகாவிட்டால் நெரை வெட்டாமல் நிற்கும் என்று வாழ்ந்தவருக்கு இது நியாயமான அளவுகோல்தான் என்று நினைக்கிறேன்.

பேரன் பாட்டுகளைக் கைப்பேசியில் பதிவு செய்ய ஆரம்பித்தான். முதலில் கிண்டலாகத்தான். பிறகு அக்கா பாட்டைத் தஞ்சாவூரில் இருக்கிற அக்கா மகளுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டான், யாரையும் கேட்காமல். அந்த அம்மாள் திரும்ப அழைத்து அழுத அழுகையில், பெரியம்மா ஆறுதல் சொல்லவேண்டியதாகிவிட்டது. அன்றைக்கு இரவு அவர் நன்றாகத் தூங்கினார் என்று மகள் சொன்னார். ஓர் இரவு தூக்கத்தை வைத்து நான் பெரிய முடிவுக்கு வருவதில்லை, குறித்துக்கொண்டேன்.

உண்மையான மாற்றத்துக்கு எங்கள் திட்டம் எதுவும் காரணமில்லை. அதே அடுக்குமாடியில் இரண்டாம் மாடியில் ஒரு பாட்டி இறந்துபோனார். பிள்ளைகள் எல்லாம் இளம் வயது, சவச்சடங்குக்கு ஆள் வைத்து, சாமான் எல்லாம் ஒரே பெட்டியில் வந்துவிட்டது, ஆனால் எது முன்னால் எது பின்னால், பிறந்த வீட்டுக் கோடி யார் போடுவது, தாய்மாமன் இல்லாவிட்டால் யார், நெய்ப்பந்தம் எந்தப் பேரப்பிள்ளைகள் பிடிப்பது என்று ஒருவருக்கும் தெரியவில்லை, ஆளுக்கொன்று சொல்லிச் சண்டை. லிப்டு அன்றைக்கும் ஓடவில்லை. பெரியம்மா கைப்பிடியைப் பிடித்து எட்டு மாடியிலிருந்து இறங்கிப் போய், அரைமணி நேரத்தில் வீட்டை ஒரு ஒழுங்குக்குக் கொண்டுவந்துவிட்டார். சாயங்காலம் எடுத்துப் பாடினார். சேர்ந்து பாட யாருக்கும் தெரியவில்லை, ஆனால் அதுவரை கைப்பேசியும் கையுமாக இருந்த மருமகள்கள் மூன்று பேரும் உடைந்து அழுதார்கள். பத்து லஞ்சாங் மயானத்துக்கு உடலை எடுத்துப்போகும் வரை அங்கேயே இருந்தார்.

அதன் பிறகு கூப்பிட ஆரம்பித்தார்கள். முதலில் அதே கட்டடம், பிறகு பக்கத்துக் கட்டடங்கள், பிறகு ஜெலுத்தோங் பக்கமிருந்துகூட. பாட வேண்டாம், வந்து உட்கார்ந்து முறை சொல்லிக்கொடுத்தால் போதும் என்று கேட்கிறவர்களும் உண்டு. காசு கேட்பதில்லை. ஒரு வீட்டில் வற்புறுத்தி ஐம்பது வெள்ளி (ரிங்கிட்) கையில் திணித்தார்கள், வாங்கிப் பேரனுக்குக் கோழி வாங்கிக் கொடுத்துவிட்டார்.

சரியாகாதவை

எல்லாம் நன்றாகிவிட்டது என்று எழுதினால் பொய். சாவு வீட்டில் அடுப்பு எரியாது, இரவு முழுக்கச் சர்க்கரை போட்ட கோப்பி ஓ (பாலில்லாத காப்பி) மட்டும்தான் சுற்றி வரும். மெட்ஃபோர்மினோடு இன்னொரு சர்க்கரை மாத்திரையும் சாப்பிடுகிறவர் அவர், சாப்பாட்டை விட்டுவிட்டு அதைப் போட்டால் சர்க்கரை திடீரென்று இறங்கும். ஒருமுறை மயக்கம் வந்து உட்காரவைத்திருக்கிறார்கள். மருத்துவரிடம் பேசி மாத்திரை நேரத்தை ஒழுங்கு செய்தோம், கைப்பையில் பிஸ்கட் வைப்பது, சர்க்கரை இல்லாமல் கோப்பி ஓ கோசோங் என்று கேட்டு வாங்குவது, பத்து மணிக்கு மேல் தங்குவதில்லை என்பது ஒப்பந்தம். மூன்றாவதை அவர் மதிப்பதில்லை.

மகளுக்குக் கூச்சம் போகவில்லை. "தோட்டத்தோட விட்டுத் தொலைச்சோம்னு நினைச்சேன்" என்றார் ஒரு நாள். ஒப்பாரியையும் பறையையும் கீழான சாதிக்காரன் வேலை என்று பார்க்கிற பழக்கம் கடல் தாண்டியும் இங்கே வந்துசேர்ந்திருக்கிறது, அதை மறைத்துப் பேசுவதில் பயனில்லை. அதே கட்டடத்தில் இருக்கிற, ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியை ஒருவருக்கும் இது சுத்தமாகப் பிடிக்கவில்லை. அவர் கோயிலில் பிள்ளைகளுக்குத் தேவாரம் சொல்லிக்கொடுக்கிறார், சாவு வீட்டில் திருவாசகம் ஓதினால் போதும் என்பது அவர் கட்சி. அவருக்கு அந்த வகுப்பில் கிடைப்பது பெரியம்மாவுக்குச் சாவு வீட்டில் கிடைப்பதற்குக் கொஞ்சமும் குறைந்ததில்லை. இருவரும் லிப்டில் பார்த்தால் பேசிக்கொள்வதில்லை.

ஆகவே வயதான பெண்களுக்கு ஒப்பாரிதான் மருந்து என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். நான் இந்தக் கேஸிலிருந்து எடுத்துக்கொண்டது என் கேள்விப் பட்டியலில் ஒரு மாற்றம். உங்களுக்கு என்ன பிடிக்கும் என்பதை இப்போது இரண்டாவதாகத்தான் கேட்கிறேன். எதற்காக உங்களைத் தேடி வருவார்கள், எப்போது அது நின்றது என்பதை முதலில் கேட்கிறேன். பிரசவம் பார்த்தவர், சீட்டு நடத்தியவர், அம்மை போட்டால் வேப்பிலையோடு கூப்பிடப்பட்டவர் என்று எதிர்பாராத பதில்கள் வருகின்றன.

மாப்பிள்ளை பற்றி: சாவு வீட்டிலிருந்து வந்தால் தலை முழுகாமல் உள்ளே வரக்கூடாது என்பதில் அவர் கறார். இரவு பதினோரு மணிக்கு 74 வயது உடம்பு பச்சைத் தண்ணீரில் நடுங்குவதை இரண்டு தடவை பார்த்துவிட்டு, யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் ஆளைக் கூட்டிவந்து குளியலறையில் ஹீட்டர் மாட்டிவிட்டார். இப்போதும் அவருக்கு இது பிடிக்காது.

மனச்சோர்வு அளவுகோலை அண்மையில் மறுபடி கேட்டேன், நான்கு வந்தது. தூக்கம் முன்போலவேதான், விடியற்காலை நான்கு மணிக்கு விழிப்பு. பெரட்டுக்கு எழுந்த உடம்பு, அதை நோயாக நான் எழுதவில்லை. பி12 ஆறு மாதத்தில் மறுபடி பார்க்க வேண்டும். அக்கா மகள் தஞ்சாவூருக்கு வரச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார், கடப்பிதழ் எடுக்கலாமா என்று வீட்டில் பேச்சு நடக்கிறது, செலவு யார் பார்ப்பது என்பதில் ஜொகூர் மகன் இன்னும் பதில் சொல்லவில்லை.

காது கருவி மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன் என்கிறார். "சாவு வீட்டுல நான் பாடுறத மத்தவங்க கேட்டாப் போதும், அவங்க பேசுறத நான் எதுக்குக் கேக்கணும்?" அடுத்த மாதம் மறுபடி கேட்டுப் பார்ப்பேன்.